நிலமும் நியாய விலையும்

'நிலம்' என்னும் சொல் தமிழ் பேசும் நமக்கு எல்லா மண்ணையும் குறிக்கும். புஞ்சையும் நிலந்தான், நஞ்சையும் நிலந்தான், வீடு கட்டியிருக்கும் மனையும் நிலந்தான். ஆனால் கேரளத்தின் வருவாய்ப் பதிவேடுகளில் அச்சொல்லுக்குப் பொருள் வேறு. அங்கே 'நிலம்' என்றால் நெல்வயல்; மேட்டுப் பூமிக்குப் 'புரயிடம்' என்று பெயர். இந்த ஒரு சொல்லின் பொருள் வேறுபாட்டை அறியாமல், பாலக்காட்டுச் சமவெளியில் தலைமுறை தலைமுறையாக வாழும் நம் தமிழ்க் கத்தோலிக்கக் குடும்பங்களில் எத்தனையோ குடும்பங்கள் தங்கள் பத்திரத்தையும் வரி ரசீதையும் பார்த்து, "நிலம் என்றுதானே எழுதியிருக்கிறது, சரியாகத்தானே இருக்கிறது" என்று நிம்மதியாக இருந்துவிட்டன. வீடு கட்டப் பஞ்சாயத்தில் அனுமதி கேட்கும் நாளிலோ, வங்கியில் கடன் கேட்கும் நாளிலோதான் உண்மை விளங்குகிறது.

நம் பங்கைச் சேர்ந்த ஒரு விதவைத் தாயும் அவருடைய இரு புதல்வர்களும் மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை திருப்பலி முடிந்தபின் நம் அறைக்கு வந்தனர். கையில் ஒரு மஞ்சள் பை. அதற்குள் குடும்பத்தின் 38 செண்டு பூமிக்குரிய தாள்கள் இருந்தன. தென்னை நிற்கும் மேட்டுப் பூமி அது. மூத்தவருக்கும் இளையவருக்கும் ஆளுக்கொரு வீடு கட்ட வேண்டும் என்பது மறைந்த தகப்பனாரின் விருப்பம். பதிவேட்டிலோ அது 'நிலம்'. அரசாங்கத்தின் பார்வையில் அத்தென்னைகள் நெல்வயலில் நின்றன!

இங்கே சட்டத்தைச் சற்று விளக்குவது அவசியம். கேரளத்தில் 1967-ஆம் ஆண்டு நிலப் பயன்பாட்டு ஆணை வந்தது. வயலை வேறு காரியத்துக்குத் திருப்ப வேண்டுமானால் அதிகாரியின் அனுமதி வேண்டும் என்றது அது. எனினும் வயல்கள் மறைந்துகொண்டேயிருந்தன. 1970-களின் நடுவில் ஏறத்தாழ 8.8 லட்சம் எக்டேரில் நெல் விளைந்த மாநிலத்தில் இன்று 2 லட்சம் எக்டேர் அளவுக்கே விளைகிறது. இந்நிலையில்தான் 2008-இல் நெல்வயல், ஈரநிலப் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டு, அவ்வாண்டு ஆகஸ்டு 12-ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. இச்சட்டத்தின்படி நெல் விளையும் வயல் மட்டுமன்று, விளையத் தக்கதாயிருந்தும் தரிசாகப் போடப்பட்ட வயலும் நெல்வயலே. ஒவ்வொரு பஞ்சாயத்திலும் ஒரு கண்காணிப்புக் குழு கூடி, எவை நெல்வயல், எவை ஈரநிலம் என்று பட்டியல் தயாரிக்க வேண்டும். அதற்கு 'டேட்டா பாங்க்' என்று பெயர். அப்பட்டியலில் உள்ள வயலை மண்ணிட்டு நிரப்பினால் சிறைத் தண்டனை உண்டு. நிரப்பிய மண்ணை அள்ளிப் பழைய நிலைக்குக் கொண்டுவரக் கலெக்டர் உத்தரவிடலாம்.

பட்டியலில் சேராமலும் பதிவேட்டில் மட்டும் 'நிலம்' என்று நிற்பவையும் உண்டு. 2008-க்கு முன்பே மேடாகிப்போன பூமிகள் இவை. இவற்றுக்காக 2018-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் 27ஏ என்னும் பிரிவு சேர்க்கப்பட்டது. ஆர்.டி.ஓ.வுக்கு விண்ணப்பித்து, அதற்குரிய கட்டணம் செலுத்தினால் பூமியின் தன்மை மாற்றம் அங்கீகரிக்கப்பட்டுப் பதிவேடும் திருத்தப்படும். 2021 பிப்ரவரியில் வகுத்த விகிதப்படி 25 செண்டு வரை கட்டணம் இல்லை. அதற்கு மேல் ஒரு ஏக்கர் வரை நியாய விலையில் 10 சதவீதம். ஏக்கரைத் தாண்டினால் 20 சதவீதம். அரை ஏக்கருக்கு மேற்பட்ட பூமியானால் அதில் பத்தில் ஒரு பங்கை நீர்ச் சேமிப்புக்கென ஒதுக்கவும் வேண்டும்.

தமிழ்நாட்டு வாசகர்கள் நியாய விலை என்றதும் அரிசிக் கடையை நினைத்துக்கொள்ள வேண்டாம்! அங்கே 'வழிகாட்டி மதிப்பு' எனப்படுவதே இங்கே 'நியாய விலை'. ஒவ்வொரு சர்வே எண்ணுக்கும் உட்பிரிவு எண்ணுக்கும் பூமியின் வகையைக் குறித்து, ஓர் 'ஆர்' பரப்புக்கு இவ்வளவு ரூபாய் என அரசு நிர்ணயித்த விலை அது. பத்திரப் பதிவுக்காக ஏற்பட்ட இவ்விலை 2010 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. பிற்பாடு தரம் மாற்றக் கட்டணத்துக்கும் அதுவே அளவுகோலாயிற்று.

அத்தாயின் தாள்களைப் புரட்டிப் பார்த்தபோது நமக்கே வியப்பாயிருந்தது. வில்லேஜ் ஆபீசின் அடிப்படை வரிப் பதிவேட்டில் அந்தப் பூமி நெல்வயல். பதிவுத் துறையின் நியாய விலைப் பட்டியலிலோ அதே உட்பிரிவு எண், பொதுப்பணித்துறைச் சாலையை ஒட்டிய குடியிருப்பு மனை! ஒரே அரசின் இரண்டு புத்தகங்கள். ஒன்று வீடு கட்டாதே என்கிறது, மற்றொன்று சாலையோர மனைக்குரிய விலையை எடு என்கிறது. உண்மையில் அங்கே சாலை ஏது? வாய்க்காலைக் கடந்து வரப்பின்மேல் நடந்துதான் போக வேண்டும். தேங்காயைத் தலைச்சுமையாகவே கொண்டுவருகிறார்கள்.

இப்பிழை எங்ஙனம் வந்தது? பட்டியல் தயாரான காலத்தில் இலட்சக்கணக்கான எண்களுக்கு விலை வைக்க வேண்டியிருந்தது. ஒரு சர்வே எண்ணின் முன்பக்கம் சாலையைத் தொட்டால், பின்பக்கத்து உட்பிரிவுகளுக்கும் அதே வகையையும் அதே விலையையும் எழுதிச் சென்ற இடங்கள் பல. அதன் பிறகு விலையை உயர்த்தியபோதெல்லாம் ஒவ்வொரு பூமியையும் பார்த்து உயர்த்தவில்லை. மாநிலம் முழுவதற்கும் ஒரே சதவீதமாக உயர்த்தினர். 2014-இல் 50 சதவீதம், 2023-இல் 20 சதவீதம், இடையில் பத்துப் பத்தாகச் சிலமுறை. அடித்தளத்தில் இருந்த பிழையும் அதே வேகத்தில் வளர்ந்தது. பத்திரம் எழுதாத குடும்பத்துக்கு இது தெரியவே தெரியாது.

இனி, நாம் இக்கட்டுரையை எழுதத் துணிந்த காரணத்துக்கு வருவோம்.

கட்டணத் தொகையைக் கணக்கிட்டுப் பார்த்த மூத்த புதல்வர் திகைத்துப் போனார். அது ஒரு வீட்டின் அடித்தளச் செலவுக்குச் சமம். ஆலோசனை சொல்வோருக்கு நம் ஊரில் பஞ்சமில்லை. "பூமியை இரண்டாகப் பிரித்து ஆளுக்குப் பத்தொன்பது செண்டு எனப் பத்திரம் எழுதிவிடுங்கள், இரண்டும் இருபத்தைந்துக்குள் வந்துவிடும், கட்டணமே இல்லை" என்றார் ஒருவர். கேட்பதற்கு நன்றாய்த்தான் இருந்தது. ஆனால் 2017 டிசம்பர் 30-ஆம் நாளில் பூமி இருந்த பரப்பையே கணக்கில் கொள்வர். அதற்குப் பின் பிரித்தவற்றுக்கு அச்சலுகை கிட்டாது. இரண்டு பத்திரச் செலவுதான் மிச்சமாயிருக்கும்.

மற்றொருவர் சொன்னது இதைவிடச் சாமர்த்தியமானது. நிலப் பயன்பாட்டு ஆணை வந்த 1967 ஜூலை 4-ஆம் நாளுக்கு முன்பே மேடாக்கப்பட்ட பூமி என்று நிறுவினால் கட்டணம் செலுத்த வேண்டியதில்லை. ஆகவே, அந்த ஆண்டுக்கு முன்பே குடும்பம் அங்கே தென்னந்தோப்பு வைத்திருந்தது என்று பங்குச் சாமியாரிடம் ஒரு கடிதம் வாங்கி இணைத்துவிட்டால் போதும் என்றாராம். மஞ்சள் பையின் அடியில் அக்கடிதத்தின் வாசகமும் எழுதித் தயாராக இருந்தது. நாம் கையெழுத்தும் முத்திரையும் இடுவது மட்டுமே பாக்கி.

பங்கின் பழைய ஏடுகளை எடுத்துப் பார்த்தோம். அத்தாயின் திருமணப் பதிவு 1974-ஆம் ஆண்டினது. அவரையே கேட்டோம்: "அம்மா, நீங்கள் மருமகளாக வந்தபோது அந்த இடம் எப்படி இருந்தது?"

அவர் மகனைப் பார்த்தார். பிறகு தரையைப் பார்த்தார். "நான் வந்தபின் இரண்டு போகம் நாற்று நட்டிருக்கிறேன், சாமி. மாமனார் காலமான பிறகுதான் இவர்கள் அப்பா மண்ணடித்துத் தென்னை வைத்தார்" என்றார்.

"அம்மா, சும்மா இருங்கள்" என்றார் மூத்தவர்.

மூத்தவர்மேல் நமக்குக் கோபம் எழவில்லை என்று சொன்னால் அது பொய். ஆயினும் பின்னர் எண்ணிப் பார்த்தபோது அவர்மேல் இரக்கமே மிகுந்தது. திருப்பூரில் பனியன் கம்பெனியில் உழைத்துச் சேர்த்த பணம் அது. அரசின் பட்டியலே பொய் சொல்லும்போது, அப்பொய்யை மற்றொரு பொய்யால் சரிக்கட்டுவதில் என்ன குற்றம் என்பது அவருடைய வாதம். இல்லாத சாலையை அவர்கள் எழுதினார்கள். இல்லாத தென்னையை நாம் எழுதுவோம் என்றார்! பல நல்ல கிறிஸ்தவர்கள் இந்த இடத்தில்தான் வழுக்கி விழுகிறார்கள் என்பதை இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேற்பட்ட குருத்துவப் பணியில் கண்டிருக்கிறோம். கடிதம் தர இயலாது என்று சொல்லிவிட்டோம். ஆனால் பொய்யான விலையை உண்மையைக் கொண்டே எதிர்க்க வழி உண்டா என்று பார்ப்போம் என்றும் சொன்னோம்.

வழி உண்டு. 1959-ஆம் ஆண்டுக் கேரள முத்திரைத்தாள் சட்டத்தின் 28ஏ பிரிவின்படி நியாய விலையை நிர்ணயிப்பவர் ஆர்.டி.ஓ. அதனால் பாதிக்கப்பட்டவர் மாவட்டக் கலெக்டரிடம் மேல்முறையீடு செய்யலாம். கலெக்டர் கீழ் அலுவலகங்களிடம் அறிக்கை வாங்கி, விசாரித்து, விலையைத் திருத்தலாம்; திருத்த மறுத்தால் அதற்குக் காரணம் கூற வேண்டும். காரணமே கூறாத உத்தரவானால் உயர்நீதிமன்றத்தின் கதவு திறந்திருக்கிறது.

மேல்முறையீட்டில், "விலை மிக அதிகம், நாங்கள் ஏழைகள், தயவு கூர்ந்து குறைக்கவும்" என்று எழுதுவதால் பயனில்லை. நம்மவர்கள் மனு என்றாலே கண்ணீரோடு எழுதுவார்கள். அதிகாரிக்குத் தேவை கண்ணீரன்று. பூமியின் வகை பிழையாகக் குறிக்கப்பட்டுள்ளது என்பதற்குச் சான்று. பட்டியலில் வகைகள் பல உண்டு: சாலையை ஒட்டிய குடியிருப்பு மனை, வண்டி செல்லும் தனிவழி உள்ள மனை, வண்டி செல்ல வழியற்ற மனை, சாலை வசதியுள்ள தோட்டப் பூமி, சாலையற்ற தோட்டப் பூமி, நஞ்சை, தரிசு, பாறை என்று. ஒரு வகையிலிருந்து இன்னொன்றுக்கு விலை வெகுவாக மாறும். ஆகவே கேட்க வேண்டிய கேள்வி ஒன்றே: நம் பூமி மெய்யாகவே எந்த வகையைச் சேர்ந்தது?

இளைய புதல்வர் ஐ.டி.ஐ. படித்தவர்; பொறுமைசாலி. அவரே இவ்வேலையை ஏற்றுக்கொண்டார். பதிவுத் துறையின் பட்டியலிலிருந்து சுற்றியுள்ள உட்பிரிவு எண்களின் விலைகளையெல்லாம் எடுத்து ஒரு தாளில் எழுதினார். அதே வரப்புப் பாதையை நம்பியிருக்கும் அடுத்த பூமிக்கு இவர்களுடைய விலையில் மூன்றில் ஒரு பங்கே குறித்திருந்தது! வில்லேஜ் ஆபீசில் இடவரைபடம் வாங்கி, சாலையிலிருந்து பூமிவரை உள்ள தூரத்தையும், இடையிலுள்ள வாய்க்காலையும், பாதையின் அகலத்தையும் அதில் காட்டச் செய்தார். வரி ரசீது, பத்திரம், புகைப்படங்கள் ஆகியவற்றை இணைத்தார். முதலில் அவரும் ஒரு பிழை செய்தார் என்பதை இங்கே குறிப்பிட வேண்டும். பட்டியல் விலை ஓர் ஆருக்கு உரியது, அதைச் செண்டுக்கு உரியதாக எண்ணிப் பெருக்கிவிட்டார். ஓர் ஆர் என்பது நூறு சதுர மீட்டர், அதாவது ஏறத்தாழ 2.47 செண்டு. அவர்களுடைய 38 செண்டு 15.38 ஆர் ஆகிறது. இப்பிழையைத் திருத்தியவுடனேயே மூத்தவர் கொஞ்சம் மூச்சு விட்டார்.

எரேமியா இறைவாக்கினர் அனத்தோத்தில் பதினேழு வெள்ளிக் காசுகளுக்கு ஒரு வயல் வாங்கிய செய்தி நமக்குத் தெரியும். முத்திரையிட்ட பத்திரம் ஒன்று, முத்திரையிடாத நகல் ஒன்று. இரண்டையும் நெடுநாள் கெடாதிருக்கும்படி மண்பாண்டத்தில் வைக்கச் சொன்னார். எருசலேம் முற்றுகையில் இருக்கும்போது செய்த காரியம் அது! நம் வீடுகளில் பத்திரத்தின் நகலைக்கூட எடுத்து வைப்பதில்லை. அத்தாயின் பத்திரத்தில் கரையான் அரித்த மூன்றாம் பக்கத்துக்குச் சான்றிட்ட நகல் வாங்கவே ஐந்து வாரம் ஆயிற்று.

இதற்கிடையில் மூத்தவர் புதியதொரு யோசனையோடு வந்தார். எப்படியும் மேல்முறையீடு செய்கிறோம். பூமியை நஞ்சை என்றே திருத்தக் கேட்டால் விலை அடிமட்டத்துக்கு வந்துவிடுமே என்றார். அவர் சொன்னதில் ஓரளவு நியாயம் உண்டு. பதிவேட்டில் இன்றும் அது நெல்வயல்தானே? எனினும் யோசித்துப் பார்த்தோம். ஒரு மனுவில் இது நெல்வயல் அன்று, தென்னை நிற்கும் மேடு, ஆகவே தரம் மாற்றுங்கள் என்கிறோம். மற்றொரு மனுவில் இது வெறும் நஞ்சை, ஆகவே விலையைக் குறையுங்கள் என்று எப்படி எழுதுவது? பையில் பெரிதும் சிறிதுமாக இருவகை எடைக்கல் வைத்திருக்கலாகாது என்பது இணைச்சட்ட நூலின் கட்டளை. இரண்டு மனுக்களும் ஒரே அலுவலக மேசையில் சந்தித்துக்கொள்ளக் கூடும் என்பதையும் சொன்னோம். கட்டளையைவிட இந்த இரண்டாவது காரணமே அவருக்கு விரைவில் விளங்கிற்று என்பதை மறைப்பானேன்! வண்டி செல்ல வழியற்ற மனை என்று திருத்தும்படியே மனு சென்றது.

பூமிக்கு மதிப்பிடும் வேலை ஒரு காலத்தில் குருக்களுடையதாகவே இருந்தது என்பதை நம் மக்களில் பலர் அறியார். லேவியராகமம் 27-ஆம் அதிகாரத்தைப் பாருங்கள். ஆண்டவருக்கு நேர்ந்துகொண்ட வயலைக் குருவே மதிப்பிட வேண்டும். அளவுகோல் என்ன? அவ்வயலில் விதைக்கக்கூடிய விதையின் அளவு. ஹோமர் என்னும் அளவு வாற்கோதுமை விதைக்கும் வயலுக்கு ஐம்பது வெள்ளிக் காசு. யூபிலி ஆண்டுக்கு இன்னும் எத்தனை ஆண்டு உண்டோ அதற்கேற்ப விலை குறையும். சாலையைப் பார்த்தன்று, விளைச்சலைப் பார்த்து வைத்த விலை! அதனோடு நாபோத்தின் கதையையும் நினைத்தோம். ஆகாபு அரசன் கேட்டதும் ஒரு தர மாற்றமே. திராட்சைத் தோட்டத்தைக் கீரைத் தோட்டமாக்க விரும்பினான். விலையும் தருவதாகவே சொன்னான். நாபோத்து விலையைப் பற்றிப் பேசவே இல்லை. மூதாதையரின் உரிமை என்று மறுத்துவிட்டான்.

நாபோத்தைப் போன்றவர்கள் இன்றும் நம்மிடையே இருக்கிறார்கள். அத்தாயின் பூமிக்குக் கீழ்ப்புறம் ஒரு முதியவர் இரண்டு ஏக்கரில் இன்றும் நெல் பயிரிடுகிறார். ஆழியாற்று நீர் வாய்க்காலில் வந்தால்தான் அவருக்கு நாற்றங்கால். 2020 முதல் நெல்வயல் உடைமையாளர்க்கு எக்டேருக்கு ஆண்டொன்றுக்கு 2,000 ரூபாய் ஊக்கத்தொகை என அரசு தொடங்கியது; சுற்றுப்புறத்து மனை விலையோடு ஒப்பிட்டால் அது எம்மாத்திரம்? அவருடைய வயல் டேட்டா பாங்கில் இருக்கிறது, இருக்கவும் வேண்டும். வயலை நிரப்பித் தரச் சொல்லித் தரகர்கள் அவர் வீட்டுத் திண்ணைக்கு வந்து போகிறார்கள். மேட்டுப் பூமியில் வீடு எழும்பினால் தமக்கு வரும் நீர் தடைப்படுமோ என்பதே அவருடைய கவலை. இதை அவர் நம்மிடம் ஒரு நாள் மெதுவாகச் சொன்னார். புகார் எதுவும் எழுதவில்லை. அத்தாயை அழைத்து நாம் இதைச் சொன்னபோது, வாய்க்கால் கரையிலிருந்து மூன்றடி விட்டுத்தான் அடித்தளம் என்று அங்கேயே மகன்களிடம் வாக்கு வாங்கினார். சட்டம் அவர்களிடம் கேட்ட மூன்றடி அன்று அது.

இங்கே ஓர் எச்சரிக்கையையும் சொல்லிவிட வேண்டும். மெய்யாகவே நெல்வயலாக இருப்பதை வயலன்று என்று காட்ட உதவி கேட்டு நம்மிடம் வருவோரும் உண்டு. பிழையாக டேட்டா பாங்கில் சேர்ந்த பூமியை நீக்க ஐந்தாம் படிவத்தில் விண்ணப்பிக்கலாம். 2008-இல் பூமி இருந்த நிலையைச் செயற்கைக்கோள் படத்தைக் கொண்டும் பார்க்கிறார்கள். அந்தப் படத்தில் பச்சை வயலாகத் தெரிந்தது நம் சிபாரிசுக் கடிதத்தால் மேடாகிவிடாது. அவ்வாறு வந்த இருவரைத் திருப்பி அனுப்பியிருக்கிறோம். அவர்களில் ஒருவர் இப்பொழுது பூசைக்கு அடுத்த பங்குக்குப் போகிறார்.

மேல்முறையீட்டின் முடிவு வர பதினொரு மாதம் ஆயிற்று. இரண்டு முறை விசாரணை தள்ளிப்போயிற்று. பூமியைப் பார்வையிட வந்த அலுவலர் தம் மோட்டார் சைக்கிளைச் சாலையில் நிறுத்திவிட்டு, காலணிகளைக் கையில் எடுத்துக்கொண்டு வரப்பில் நடந்தார். முந்தின இரவு மழை. அதைவிடச் சிறந்த சான்று வேறு எது வேண்டும் என்று இளையவர் பிற்பாடு நம்மிடம் சொல்லிச் சிரித்தார். உத்தரவில் பூமியின் வகை திருத்தப்பட்டிருந்தது. அடுத்த பூமியின் அளவுக்கு விலை இறங்கவில்லை. இருந்த விலையில் ஏறத்தாழப் பாதியாயிற்று. இன்னும் மேலே போகலாம் என்றார் மூத்தவர். போதும் என்றார் தாய். திருத்திய விலைப்படி கட்டணம் கட்டினார்கள். பதிவேட்டிலும் 'புரயிடம்' என்று மாறிற்று. முதல் விலைக்கே அவசரப்பட்டுக் கட்டியிருந்தால், திரும்பப் பெற அலைந்தே காலம் கழிந்திருக்கும்.

சென்ற தைத் திங்களில் மூத்தவருடைய வீட்டுக்கு அடிக்கல் மந்திரித்தோம். கரையிலிருந்து மூன்றடி அளந்து கயிறு கட்டியிருந்தார்கள். கீழ்ப்புறத்து முதியவரும் வந்திருந்தார். செபம் முடிந்து காப்பி குடிக்கும்போது, பக்கத்துப் பூமிக்காரரிடம் பேசி வரப்பை வண்டிப் பாதையாக அகலப்படுத்தப் போவதாக மூத்தவர் மகிழ்ச்சியோடு சொல்லிக்கொண்டிருந்தார்.

தாய் நம் பக்கம் திரும்பி, "அப்படியானால் வழி வந்துவிட்டது என்று கலெக்டருக்கு நாமே ஒரு மனு எழுத வேண்டுமா, சாமி?" என்று கேட்டார்.

மூத்தவர் காப்பி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு நம் முகத்தைப் பார்த்தார். அப்படி எழுத வேண்டும் என்று எந்தச் சட்டமும் கேட்பதாக நமக்குத் தெரியாது என்றோம். இளையவர் விற்க நேர்ந்தால் அப்பொழுது பத்திரத்தில் பாதை உண்டு என்று எழுதுங்கள், அது போதும் என்றோம். இளையவர் தலையசைத்தார். மூத்தவர் மேஸ்திரியைக் கூப்பிட எழுந்து போனார்.